பூட்டிய கைப்பேசியும் பழுதுபார்ப்பவரின் கையும்

கைப்பேசி பழுதுபார்க்கும் கடை வைத்திருக்கும் நம் இளைஞர்கள், மார்க்கம் கற்றவர்களிடம் அடிக்கடி கேட்கும் கேள்வி ஒன்று உண்டு. "ஹஸ்ரத், லாக் ஆன செட்டைத் திறந்து கொடுத்து வாங்கும் கூலி ஹலாலா?" என்பதே அது. கேள்வி சிறியது. விடை சொல்ல முற்படுகிறவரோ அந்தப் பூட்டு எங்கிருந்து வந்தது, யாருக்கு எதிராகப் போடப்பட்டது, கடைசியில் யார் தலையில் வந்து விழுந்தது என்பதையெல்லாம் தெரிந்துகொண்டாக வேண்டும். அதைத் தெரியாமல் ஒரே சொல்லில் ஆம் என்பதும் இல்லை என்பதும் கேட்டவருக்குச் செய்யும் அநீதி. எனவே இக்கட்டுரையில் அந்தப் பூட்டின் வரலாற்றைச் சற்று விரிவாகக் காண்போம்.

கைப்பேசியில் இருவகைப் பூட்டுகள் உள்ளன. ஒன்று திரைப் பூட்டு. எண்ணோ, பேட்டர்னோ, விரல்ரேகையோ, அதை நாமே வைத்துக்கொள்கிறோம். அதை மறந்துவிட்டால், முன்பெல்லாம் செட்டில் உள்ள அனைத்தையும் அழித்து, தொழிற்சாலையிலிருந்து வந்த நிலைக்குத் திருப்பிவிட்டால் போதும். கடைக்காரர்கள் இதை ‘ஹார்டு ரீசெட்’ என்பர். மற்றொரு பூட்டு, அவ்வாறு அழித்த பிறகும் எழுந்து நிற்பது. செட்டை மீண்டும் இயக்கியவுடன், இதில் முன்பு இருந்த கணக்கின் கடவுச்சொல்லைத் தருக என்று அது கேட்கும். ஆண்ட்ராய்டு கைப்பேசிகளில் இதற்கு ‘எஃப்.ஆர்.பி. லாக்’ என்று பெயர். ஐஃபோனில் ‘ஆக்டிவேஷன் லாக்’. கடைத்தெருவில் அதையே ‘ஐகிளவுட் லாக்’ என்பர். நம் இளைஞர்களின் கேள்வி இந்த இரண்டாவது பூட்டைப் பற்றியது.

இந்தியாவில் முதல் கைப்பேசி அழைப்பு 1995 ஜூலை 31 அன்று பேசப்பட்டது. கல்கத்தாவிலிருந்து மேற்கு வங்க முதல்வர் ஜோதி பாசு, டெல்லியிலிருந்த தகவல்தொடர்பு அமைச்சர் சுக்ராமுடன் பேசினார். அதன் பிறகு ஏறத்தாழ இருபது ஆண்டுகள், கைப்பேசி யார் கையில் இருக்கிறதோ அவருடையது என்பதே நடைமுறையாக இருந்தது. பழைய நோக்கியா செட்டுகளின் பாதுகாப்புக் குறியீடு கடையில் வாங்கும்போது 12345 என்றே இருக்கும்; பெரும்பாலோர் அதை மாற்றியதும் இல்லை. சிம்மைக் கழற்றி எறிந்துவிட்டால் திருடனுக்கும் வாங்கியவருக்கும் வேறுபாடு தெரியாது.

உடைமையைக் காட்டும் அடையாளம் ஒன்றும் இல்லாமல் இருந்தது என்று சொல்வதற்கில்லை. ஒவ்வொரு செட்டுக்கும் ‘ஐ.எம்.இ.ஐ.’ எனப்படும் 15 இலக்க எண் உண்டு. முதல் 8 இலக்கங்கள் எந்த நிறுவனத்தின் எந்த மாடல் என்பதையும், அடுத்த 6 இலக்கங்கள் அந்த ஒரு செட்டையும் குறிக்கும். கடைசி இலக்கம், எண் சரியாக எழுதப்பட்டிருக்கிறதா என்று சரிபார்ப்பதற்கு. நட்சத்திரம், ஹேஷ், 06, ஹேஷ் என்று அழுத்தினால் திரையில் தோன்றும். செட் வந்த பெட்டியின் மீதும் ஒட்டப்பட்டிருக்கும். ஒழுங்காக எழுதப்பட்ட பில்லிலும் இருக்கும். இந்த மூன்றும் ஒத்துப்போனால் உடைமைக்கு அதுவே வலுவான சான்று. ஆனால் அந்தப் பெட்டியையும் பில்லையும் எத்தனை வீடுகளில் பத்திரப்படுத்தி வைத்திருக்கிறோம்? பெட்டியில் ஊசிநூலும் பழைய சாவிகளும் இருக்கும். பில் எப்போதோ காணாமல் போயிருக்கும்.

அந்த எண்ணுக்கும் நம் நாட்டில் ஒரு சோதனை வந்தது. 2000களின் பிற்பகுதியில் சீனாவிலிருந்து மிக மலிவான செட்டுகள் வந்து குவிந்தன. இரண்டு சிம், பெரிய ஒலிபெருக்கி, குறைந்த விலை என்று ஏழை எளியவர்கள் கையில் முதன்முதலாகக் கைப்பேசியைக் கொண்டுவந்து சேர்த்தவை அவையே. அவற்றில் பலவற்றுக்கு ஐ.எம்.இ.ஐ. எண்ணே கிடையாது, சிலவற்றில் எல்லாம் பூஜ்யமாக இருக்கும், பல செட்டுகளுக்கு ஒரே எண்ணும் இருந்தது. 2008 நவம்பரில் நடந்த மும்பைத் தாக்குதலுக்குப் பிறகு பாதுகாப்புக் காரணங்களைச் சொல்லி அரசு கெடுபிடி காட்டியது. முறையான எண் இல்லாத செட்டுகளின் இணைப்பு 2009 நவம்பர் 30 நள்ளிரவோடு துண்டிக்கப்படும் என்று அறிவிக்கப்பட்டது. வாங்கியவர் ஒரு குற்றமும் செய்யாதவர். கடையில் பணம் கொடுத்து வாங்கிய பொருள் ஒரே இரவில் செத்துப் போகும் நிலை. எனவே சிறு கட்டணத்தில் செட்டுக்குள் முறையான எண்ணை எழுதித் தரும் ஏற்பாடு அனுமதிக்கப்பட்டது. கடைகளின் முன் வரிசை நின்றது.

பழுதுபார்ப்புத் தொழிலின் வரலாற்றில் இது ஒரு திருப்பம் என்பது நமது கருத்து. எண் எழுதப்படக்கூடியது என்பதை இந்த நிகழ்வு நாடெங்கும் உள்ள கடைகளுக்குக் கற்றுக்கொடுத்தது. இல்லாத எண்ணை எழுதத் தெரிந்த கை, இருக்கும் எண்ணை மாற்றவும் கற்றுக்கொண்டது. 2017 ஆகஸ்டில் ஐ.எம்.இ.ஐ. எண்ணைத் திருத்துவது மூன்றாண்டு வரை சிறைத் தண்டனைக்குரிய குற்றம் என்று விதிமுறை வந்தது. பிரிட்டனில் இதற்கான சட்டம் 2002இலேயே இயற்றப்பட்டிருந்தது. நம் நாட்டில் 2020இல் மீரட் காவல்துறையினர் 13 ஆயிரத்துக்கும் மேற்பட்ட செட்டுகள் ஒரே எண்ணில் இயங்குவதைக் கண்டறிந்தனர். அது வெளிப்பட்ட விதம் கவனிக்கத்தக்கது. காவல் அதிகாரி ஒருவர் பழுதுபார்க்கக் கொடுத்துத் திரும்ப வாங்கிய தம் செட்டில் எண் மாறியிருந்தது. 2023ஆம் ஆண்டின் தொலைத்தொடர்புச் சட்டம் இக்குற்றத்துக்கான அபராதத்தை 50 லட்சம் ரூபாய் வரை உயர்த்தியது. எண்ணை மாற்றித் தரும் வேலையைக் கையிலெடுக்கும் இளைஞர் எவரும் இந்தத் தொகையை ஒருமுறை எழுதிப் பார்ப்பது நல்லது. இதில் மார்க்கத் தீர்ப்புக்கு நீண்ட ஆராய்ச்சி தேவையில்லை. அது பொய்ச்சாட்சி, பொருளின் வாயில் பொய்யை ஏற்றுவது.

இனி, பூட்டின் கதைக்கு வருவோம். அது பிறந்தது நம் நாட்டிலன்று, அமெரிக்காவில்.

2010க்குப் பிறகு நியூயார்க், சான் ஃபிரான்சிஸ்கோ போன்ற நகரங்களில் ஸ்மார்ட்ஃபோன் வழிப்பறி பெருகியது. ஐஃபோனைக் குறிவைத்துப் பறிப்பதை, தோட்டத்தில் ஆப்பிள் பறிப்பதோடு ஒப்பிட்டுக் கேலியாக ஒரு பெயரே வைத்துவிட்டனர். கேலிக்குரிய செய்தியாக அது நிற்கவில்லை, சிலர் உயிரிழந்தனர். நுகர்வோர் இதழொன்றின் மதிப்பீட்டின்படி 2013இல் மட்டும் அந்நாட்டில் 31 லட்சம் கைப்பேசிகள் திருடப்பட்டன. அவ்வாண்டு ஜூனில் நியூயார்க் மாநில அரசுத் தலைமை வழக்கறிஞர் எரிக் ஷ்னைடர்மனும், சான் ஃபிரான்சிஸ்கோ மாவட்ட வழக்கறிஞர் ஜார்ஜ் காஸ்கோனும் இணைந்து ஓர் இயக்கத்தைத் தொடங்கினர். திருடப்பட்ட செட் எவருக்கும் பயன்படாமல் போகும்படி நிறுவனங்களே வழிசெய்ய வேண்டும் என்பது அவர்களின் கோரிக்கை.

நிறுவனங்கள் முதலில் தயங்கின. தொலைபேசிச் சேவை நிறுவனங்களின் கூட்டமைப்பு வெளிப்படையாகவே எதிர்த்தது. தொலைந்த செட்டுக்குப் பதில் புதிய செட் விற்பதிலும், செட் காப்பீடு விற்பதிலும் அவர்களுக்கு வருவாய் இருக்கிறது என்று அவ்விரு வழக்கறிஞர்களும் சுட்டிக்காட்டினர். எனினும் 2013 செப்டம்பரில் ஐ.ஓ.எஸ். 7 உடன் ஆக்டிவேஷன் லாக் வந்துவிட்டது. 2014 மே மாதம் மின்னசோட்டா மாநிலமும், ஆகஸ்டில் கலிஃபோர்னியாவும் இத்தகைய பூட்டைக் கட்டாயமாக்கிச் சட்டம் இயற்றின. இரண்டும் 2015 ஜூலை 1 முதல் நடைமுறைக்கு வந்தன. கலிஃபோர்னியாவில் விற்க முடியாத செட்டை உலகில் எந்த நிறுவனமும் செய்யத் துணியாது. ஆகவே அம்மாநிலத்தின் சட்டம் மண்ணடிக்கும் மதுரைக்கும் சேர்த்து எழுதப்பட்டதாகவே ஆயிற்று. 2015 மார்ச்சில் ஆண்ட்ராய்டு 5.1 உடன் கூகுளின் பூட்டும் வந்தது.

பலன் இருந்தது என்பதை மறுக்க முடியாது. ஆப்பிளின் பூட்டு வந்த ஓராண்டில் சான் ஃபிரான்சிஸ்கோவில் ஐஃபோன் திருட்டு 40 விழுக்காடும், நியூயார்க்கில் 25 விழுக்காடும் குறைந்ததாகவும், லண்டனில் ஸ்மார்ட்ஃபோன் திருட்டு பாதியாகக் குறைந்ததாகவும் 2015 பிப்ரவரியில் அந்நகர அதிகாரிகள் அறிவித்தனர். தெருவில் நடந்து செல்லும் ஒருவரின் உயிருக்கும் உடைமைக்கும் பாதுகாப்பு கிடைத்தது. மார்க்கச் சட்டத்தின் நோக்கங்கள் என்று நம் அறிஞர்கள் எண்ணிச் சொன்ன ஐந்தில் இவ்விரண்டும் உள்ளன.

இரு நிறுவனங்களின் பூட்டும் ஒரே வகையில் அமைந்தவை அல்ல. ஆப்பிளின் பூட்டு அந்நிறுவனத்தின் கணினியில் இருக்கிறது. அழிக்கப்பட்ட ஐஃபோன் மீண்டும் உயிர்பெற அங்கே அனுமதி கேட்டாக வேண்டும். ஆண்ட்ராய்டின் பூட்டோ செட்டுக்குள்ளேயே, அழித்தாலும் அழியாத ஒரு சிறு பகுதியில் குறித்து வைக்கப்பட்டது. உரியவர் திரைப் பூட்டைத் திறந்து, செட்டிங்ஸ் வழியாக அழித்தால் அந்தக் குறிப்பும் நீங்கிவிடும். பொத்தான்களை அழுத்திப் பிடித்து வெளியிலிருந்து அழித்தால் குறிப்பு நீங்காது, பூட்டு விழும். வீட்டுக்காரர் கதவு வழியே போவார், திருடன் கூரை வழியே போவான் என்ற கணக்கில் செய்யப்பட்ட ஏற்பாடு இது.

கணக்கு நன்றாகத்தான் இருந்தது. ஆனால் நம் ஊர்களில் வீட்டுக்காரரே கூரை வழியாகப் போகிறவராக இருந்தார்.

2015இல் நம் மக்கள் ஸ்மார்ட்ஃபோன் வாங்கிய விதத்தை நினைத்துப் பாருங்கள். மின்னஞ்சல் என்றால் என்னவென்றே அறியாத ஒருவர் கடைக்குப் போகிறார். கூகுள் கணக்கு இல்லாமல் வாட்ஸ்அப்பைக்கூட இறக்க முடியாது என்பதால், கடைக்காரத் தம்பியே ஒரு கணக்கைத் தொடங்கி, தம் மனத்தில் தோன்றிய ஒரு கடவுச்சொல்லை இட்டுக் கொடுக்கிறார். வாங்கியவருக்கு அப்படியொரு கணக்கு இருப்பதே தெரியாது. 2016 செப்டம்பரில் ஜியோ வந்து இணையம் மலிவானபின் இது இன்னும் பெருகியது. ஆறு மாதம் கழித்துப் பேரப்பிள்ளை பேட்டர்னை மாற்றி மாற்றிப் போட்டுச் செட்டைப் பூட்டிவிடும். தெரிந்த பையன் ஒருவன் ஹார்டு ரீசெட் செய்து கொடுப்பான். உடனே செட் பழைய கணக்கைக் கேட்கும். எந்தக் கணக்கு?

வளைகுடாவிலிருந்து வந்த செட்டுகளுக்கும் இதே கதி. துபாயிலோ ரியாதிலோ வேலை செய்யும் மகன், தான் பயன்படுத்திய செட்டை ஊருக்கு வரும் ஒருவரிடம் உம்மாவுக்குக் கொடுத்தனுப்புவான். ‘எல்லாத்தையும் அழிச்சுட்டுத்தான் அனுப்பியிருக்கேன்’ என்பான். அழித்தது வெளியிலிருந்து என்றால் பூட்டும் செட்டோடு கப்பலேறி வந்து சேர்ந்திருக்கும். இத்தனைக்கும் இதில் ஒருவரும் திருடர் இல்லை.

அந்த உம்மாவும் அந்தத் தாத்தாவும் போய் நின்ற இடம் பழுதுபார்க்கும் கடை. இத்தொழிலுக்கு நம் சமுதாயத்தோடு உள்ள தொடர்பைத் தனியே விளக்க வேண்டியதில்லை. சென்னையின் பர்மா பஜார், பர்மாவிலிருந்து அகதிகளாகத் திரும்பிய தமிழர்களுக்காக 1969இல் உருவான கடைத்தெரு. வெளிநாட்டு மின்னணுப் பொருள்களுக்கு அது பெயர்பெற்றது. அதுபோன்றே டெல்லி கரோல் பாகில் உள்ள கஃபார் மார்க்கெட், பிரிவினையில் அனைத்தையும் இழந்து வந்தவர்களின் சந்தையாகத் தொடங்கியது. எல்லைக் காந்தி கான் அப்துல் கஃபார் கானின் பெயரைத் தாங்கி நிற்பது. இன்று கைப்பேசி உதிரிபாகங்களுக்கு வடநாட்டின் பெரிய சந்தைகளுள் ஒன்று. நாடு மாறி வந்தவர்களும், பெரிய படிப்புக்கு வழியில்லாதவர்களும், கைத்திறனை மட்டும் முதலாகக் கொண்டு பிழைத்த இடங்கள் இவை. சால்டரிங் இரும்பு, ஹாட் ஏர் கருவி, பூதக்கண்ணாடி, சர்வீஸ் பாக்ஸ், இவற்றை வைத்துக்கொண்டு உட்கார்ந்த ஒருவரின் முன் இந்தப் பூட்டு வந்து விழுந்தது.

அவர்கள் திறக்கக் கற்றுக்கொண்டனர். தொடக்கத் திரையில் எங்கேனும் ஒரு சந்து இருக்கும். அதன் வழியே உள்ளே நுழைவர். கூகுள் மாதந்தோறும் அனுப்பும் பாதுகாப்புத் திருத்தத்தில் அந்தச் சந்து அடைபடும். சில வாரங்களில் வேறொன்று கண்டுபிடிக்கப்படும். கராச்சியிலும் டாக்காவிலும் லாகோஸிலும் இருந்த பழுதுபார்ப்பவர்கள் யூடியூப் காணொளிகளில் ஒருவருக்கொருவர் சொல்லிக்கொடுத்தனர். கட்டணமாகச் சில நூறு ரூபாய். இந்த ஓட்டப்பந்தயம் ஏறத்தாழப் பத்து ஆண்டுகள் நடந்தது. 2024இல் வந்த ஆண்ட்ராய்டு 15, சந்து வழியே நுழைந்தாலும் செட்டைப் பயன்படுத்த முடியாதபடி பூட்டை இறுக்கியிருக்கிறது.

இப்போது கேள்விக்கு வருவோம். கடையில் உட்கார்ந்திருப்பவருக்கு, தம் முன் நிற்பவர் மறந்தவரா, திருடியவரா என்பது எப்படித் தெரியும்?

ஃபிக்ஹில் ஒரு பழைய அடிப்படை உண்டு. ஒரு பொருள் ஒருவர் கையில் இருப்பது, அது அவருடையது என்பதற்கு வெளிப்படையான சான்று. தைக்கத் துணி கொண்டுவந்தவரிடம் ‘இது உம்முடையதுதானா?’ என்று தையற்காரர் கேட்க வேண்டியதில்லை. கடிகாரம் பழுதுபார்ப்பவரும் கேட்கத் தேவையில்லை. பூட்டு வருவதற்கு முன்பு கைப்பேசிக்கும் இதே விதி போதுமாயிருந்தது. பூட்டு விழுந்த செட்டோ, தன்னை வைத்திருப்பவருக்கு எதிராகத் தானே ஒரு சாட்சியம் சொல்கிறது: இவருக்கு என் சாவி தெரியாது என்கிறது. மேலே கண்டபடி, அந்தச் சாட்சியம் பலமுறை தவறானது. தவறாக இருக்கக்கூடும் என்பதால் ஏழை உம்மாவைத் திருடியாகப் பார்க்கக் கூடாது. உண்மையாகவும் இருக்கக்கூடும் என்பதால் ஒன்றும் கேட்காமல் திறந்துகொடுக்கவும் கூடாது. கையில் இருப்பதே சான்று என்ற விதி இங்கே வலுவிழந்துவிட்டது. வேறு சான்று தேவைப்படுகிறது. நமக்குத் தோன்றுவது இதுவே.

கைவினைஞரின் பொறுப்பைப் பற்றி நம் முன்னோர் விவாதித்ததை இங்கே நினைவுகூர்வது பொருந்தும். பலருக்கும் கூலிக்கு வேலை செய்து கொடுக்கும் கைவினைஞரை ‘அஜீர் முஷ்தரக்’ என்று ஃபிக்ஹு நூல்கள் அழைக்கின்றன. சாயமிடுபவர், பொற்கொல்லர், வெளுப்பவர், தையற்காரர் அனைவரும் இதில் அடங்குவர். இன்றைய கைப்பேசி பழுதுபார்ப்பவரும் அவ்வாறே. அவர் கையில் கொடுத்த பொருள் அமானத். அமானத்தை வைத்திருப்பவர், தம் கவனக்குறைவின்றிப் பொருள் அழிந்தால் ஈடு செய்ய வேண்டியதில்லை என்பது அடிப்படை. ஆனால் மக்களிடையே நாணயம் குறைந்தபோது, ‘காணாமல் போய்விட்டது’ என்ற சொல் கைவினைஞர்களுக்கு எளிதாகிவிட்டது. அலீ (ரலி) அவர்கள் சாயமிடுபவரையும் பொற்கொல்லரையும் ஈட்டுக்குப் பொறுப்பாக்கினார்கள் என்றும், மக்களைச் சீர்படுத்த வேறு வழியில்லை என்று கருதினார்கள் என்றும் ஓர் அறிவிப்பு உண்டு. அதன் அறிவிப்பாளர் தொடர் ஹதீஸ் அறிஞர்களிடம் உறுதிபெறவில்லை. ஆயினும் ஹிஜ்ரி 790இல் மறைந்த கிரனாடா அறிஞர் இமாம் ஷாத்திபீ (ரஹ்), பொதுநலன் கருதிச் சட்டம் வகுப்பதற்கு இதையே ஓர் எடுத்துக்காட்டாகக் காட்டினார்கள்.

இமாம் அபூஹனீஃபா (ரஹ்) கைவினைஞர் மீது இந்தப் பொறுப்பைச் சுமத்தவில்லை. அவர்களுடைய மாணவர்களான அபூயூசுஃப், முஹம்மத் (ரஹ்) இருவரும் சுமத்தினர். இவற்றையெல்லாம்விட நம்மைக் கவர்ந்தது இமாம் ஷாஃபிஈ (ரஹ்) அவர்களைப் பற்றி அவர்களுடைய மாணவர் ரபீஃ சொன்ன செய்தி. கூலிக்கு வேலை செய்பவர் மீது ஈடு இல்லை என்பதே இமாமின் சொந்தக் கருத்தாம். ஆனால் தீய கூலியாள்கள் அதைப் பயன்படுத்திக்கொள்வார்கள் என்று அஞ்சி அவர்கள் அதை வெளிப்படுத்தவில்லையாம். ஒரு தொழிலில் உள்ள நல்லவர்களுக்காகச் சொல்லப்படும் சலுகை, அதே தொழிலில் உள்ள கெட்டவர்களின் கைக்கும் போய்ச் சேரும் என்பதை அந்தப் பேரறிஞர் ஏறத்தாழ 1200 ஆண்டுகளுக்கு முன்பே கண்டிருந்தார்கள். பூட்டைச் செய்த பொறியாளர்களும் அதே அச்சத்தில்தான் அதைச் செய்தார்கள். ஒரு வேறுபாடு உண்டு. காழியிடம் போய் நடந்ததைச் சொல்லலாம், சாட்சி நிறுத்தலாம். பூட்டிடம் ஒன்றும் சொல்ல முடியாது.

ஆகவே சொல்வதைக் கேட்கும் காது இன்று கடைக்காரருக்கு மட்டுமே இருக்கிறது. அவர் கேட்க வேண்டியவை அதிகமில்லை. பில் இருக்கிறதா, பெட்டி இருக்கிறதா, அவற்றின் எண்ணும் செட்டின் எண்ணும் ஒன்றா? இல்லையென்றால், அந்தச் செட்டில் எந்த எண்ணின் சிம் இருந்தது, கணக்கின் பெயர் என்னவாக இருக்கும், யார் வாங்கிக் கொடுத்தது? உண்மையான உரிமையாளர் இரண்டு மூன்று கேள்விகளுக்காவது தடுமாறாமல் விடை சொல்வார். பெரும்பாலும், அந்தச் சிம்முக்கு வரும் குறுஞ்செய்தியைக் கொண்டு கணக்கையே மீட்டுவிடலாம். பூட்டை உடைக்கும் வேலையே இராது. பில் காட்டினால் திறந்து கொடுக்கும் நிறுவனச் சேவை மையங்களும் உள்ளன. சில கடைக்காரர்கள் ஒரு நோட்டில் பெயர், அடையாள அட்டை விவரம், ஐ.எம்.இ.ஐ. எண், கையொப்பம் வாங்கிக்கொள்கின்றனர். காவல்துறை விசாரணைக்கு வரும் நாளில் அவர்களைக் காப்பதும் அந்த நோட்டுதான். இவ்வாறு விசாரித்து உரியவருக்குத் திறந்து கொடுத்து வாங்கும் கூலி, பொற்கொல்லரின் கூலியைப் போன்றதே. அதில் ஐயம் கொள்ள இடமில்லை. ஒன்றும் கேட்காமல், கேட்கக் கூடாது என்பதற்காகவே இரட்டிப்புக் கூலி வாங்கிக்கொண்டு திறப்பவர், தாம் எதற்கு உதவுகிறோம் என்பதை அறிந்தே செய்கிறார்.

கண்டெடுத்த பொருளுக்கும் இதே வகைச் சிந்தனை பொருந்தும். கண்டெடுத்தவர் அதன் பையையும் கட்டிய கயிற்றையும் அடையாளம் வைத்துக்கொண்டு ஓராண்டு அறிவிக்க வேண்டும் என்ற கருத்துடைய நபிமொழி, ஸைத் பின் காலித் அல்ஜுஹனீ (ரலி) வாயிலாகப் புகாரியிலும் முஸ்லிமிலும் பதிவாகியுள்ளது. பையும் கயிறும் எதற்கு? உரியவர் என்று சொல்லி வருபவரை அவற்றைக் கொண்டு சோதிப்பதற்கு. இன்றைய பையும் கயிறும் அந்த 15 இலக்கங்களே.

திருடர்களும் சும்மா இருக்கவில்லை. பூட்டை உடைக்க முடியாதபோது செட்டைப் பிரித்துத் திரை, கேமரா, பேட்டரி என்று பாகமாக விற்றனர். செட்டைப் பறிகொடுத்தவருக்கே ‘உங்கள் ஃபோன் கிடைத்துவிட்டது’ என்று போலிக் குறுஞ்செய்தி அனுப்பி, இணைப்பைத் தொடவைத்துக் கடவுச்சொல்லைப் பிடுங்கும் வழக்கமும் பரவியது. செட் தொலைந்த சில நாள்களில் இப்படியொரு செய்தி வந்தால் வீட்டிலுள்ளோர் அதைத் தொடாதிருக்க வேண்டும். பாக வியாபாரத்தைத் தடுக்க, 2024 செப்டம்பரில் வந்த ஐ.ஓ.எஸ். 18 பூட்டைப் பாகங்களுக்கும் நீட்டியது. பூட்டிய ஐஃபோனிலிருந்து கழற்றிய பேட்டரியையோ திரையையோ வேறொன்றில் பொருத்தினால் அது பழைய உரிமையாளரின் கடவுச்சொல்லைக் கேட்கும்.

இதில் திருடனோடு சேர்ந்து அடிபடுகிறவர் நேர்மையான பழுதுபார்ப்பவர். உடைந்த செட்டை வாங்கி, நல்ல பாகத்தைக் கழற்றி, இன்னொரு ஏழையின் செட்டுக்கு உயிர் கொடுப்பது இத்தொழிலின் பழைய அறம். நன்கொடையாகவும் கழிவாகவும் வரும் செட்டுகளில் பூட்டு நீக்கப்படாதவற்றை, ஒரு கீறலும் இல்லாமல் இருந்தபோதும், மறுசுழற்சிக்காரர்கள் நொறுக்கவே வேண்டியிருக்கிறது. இது வீண்விரயம் என்று சொல்ல நமக்குத் தயக்கமில்லை. பாகங்களை மென்பொருளால் செட்டோடு பிணைத்துப் பிறர் மாற்ற முடியாமல் செய்வதை எதிர்த்து அமெரிக்காவின் ஒரிகன் மாநிலம் 2024 மார்ச்சில் சட்டம் இயற்றியது. நம் நாட்டில் 2022 டிசம்பரில் பழுதுபார்க்கும் உரிமைக்கென ஓர் இணையதளத்தை அரசு தொடங்கியது. தெருமுனைக் கடைக்காரருக்கு அதனால் இதுவரை கிடைத்தது சொற்பமே.

நம் நாட்டில் திருட்டைத் தடுக்கும் வேறொரு வழியும் இப்போது உண்டு. 2019இல் மும்பையிலும் டெல்லியிலும் சோதனையாகத் தொடங்கி, 2023 மே மாதம் நாடு முழுவதும் விரிந்த சஞ்சார் சாத்தி தளத்தில், காவல்துறைப் புகாரின் நகலோடு ஐ.எம்.இ.ஐ. எண்ணைப் பதிந்தால் அந்தச் செட் இந்தியாவின் எந்த நெட்வொர்க்கிலும் இயங்காமல் தடுக்கப்படும். மீண்டும் கிடைத்தால் தடையை நீக்கிக்கொள்ளலாம். பழைய செட் வாங்குவோர் கே.ஒய்.எம். என்று ஆங்கில எழுத்துகளில் தட்டச்சு செய்து, ஓர் இடம் விட்டு, 15 இலக்க எண்ணையும் சேர்த்து 14422 என்ற எண்ணுக்குக் குறுஞ்செய்தி அனுப்பினால் அந்த எண்ணின் நிலை தெரியவரும். இரண்டு நிமிட வேலை. கடைக்காரர்களும் பூட்டைத் தொடும் முன் இதைச் செய்துகொள்ளலாம்.

கடைசியாக ஒரு வகைச் செட் இருக்கிறது. அதன் உரிமையாளர் கடைக்கு வரவே மாட்டார். கணவர் மௌத்தாகி இத்தா முடிந்த நிலையில், அவருடைய கைப்பேசியோடு மகனை அனுப்பிவைக்கும் பெண்கள் உள்ளனர். வரவேண்டிய கடன், கொடுக்கவேண்டிய கடன், நகைச் சீட்டு, நிலப் பத்திரத்தின் புகைப்படம் எல்லாம் அதற்குள் இருக்கும். மய்யித்தின் கடனை அடைப்பது சொத்தைப் பங்கிடுவதற்கு முந்திய கடமை என்பதால் இது வெறும் ஞாபகப் பொருள் அன்று. ஆனால் செட்டைக் கடையில் அழித்துத் திறந்தால் செட் கிடைக்கும். உள்ளே இருந்தவை போய்விடும். அவசரப்பட்டு ரீசெட் செய்யச் சொல்லும் மகனிடம் இதை முதலில் எடுத்துச் சொல்கிற கடைக்காரர் பெரிய உபகாரம் செய்கிறார்.

கூகுள் 2013 முதலே, ஒரு கணக்கு நீண்ட காலம் பயன்படுத்தப்படாவிட்டால் அதிலுள்ளவற்றை யாருக்குக் கொடுப்பது என்று முன்கூட்டியே பதிந்துவைக்க வழிசெய்துள்ளது. ஆப்பிள் 2021 டிசம்பரில் அதுபோன்ற ஏற்பாட்டைக் கொண்டுவந்தது. நாம் பெயர் குறித்தவர், நாம் கொடுத்துவைத்த சாவி எண்ணோடு இறப்புச் சான்றிதழையும் காட்டினால் அதிலுள்ளவற்றைப் பெறலாம். இரண்டுமே உயிரோடிருக்கும்போது செய்ய வேண்டியவை. வஸிய்யத் எழுதி வைத்திருக்கும் குடும்பங்களில், அந்தத் தாளின் அடியில் கணக்கின் பெயரையும் இந்த ஏற்பாட்டையும் ஒரு வரியாகச் சேர்க்க இன்றே இஷாவுக்குப் பிறகு பத்து நிமிடம் போதும்.